வாசகர் கேள்வி – பதில்: சிரிப்பை எழுதிய இருவர்

பிரிட்டிஷ் வானொலிக்கும் தொலைக்காட்சிக்கும் நகைச்சுவை எழுதிய ரே கால்டன், ஆலன் சிம்ப்சன் ஆகிய இருவரைப் பற்றியும் அவர்களுடைய காலத்து எழுத்தாளர்களைப் பற்றியும் வாசகர்கள் அனுப்பிய கேள்விகளுக்கே இந்த இதழின் பகுதி முழுவதையும் ஒதுக்கியிருக்கிறோம். ஒரே செய்தியைக் கேட்ட கடிதங்களை ஒன்றாகச் சேர்த்து ஒரு கேள்வியாக அமைத்துள்ளோம்.

கேள்வி: கால்டனும் சிம்ப்சனும் மருத்துவமனையில் சந்தித்து எழுத்தாளர்களானார்கள் என்று படித்தேன். இது உண்மையா, அல்லது பின்னாளில் புனையப்பட்ட கதையா?

பதில்: முழுக்க உண்மை. ஆலன் சிம்ப்சன் 1929 நவம்பரில் லண்டனின் பிரிக்ஸ்டன் பகுதியிலும், ரே கால்டன் 1930 ஜூலையில் அதே நகரின் பாடிங்டன் பகுதியிலும் பிறந்தவர்கள். இருவரும் சாதாரணத் தொழிலாளர் குடும்பங்களின் பிள்ளைகள். இருவருமே பல்கலைக்கழகத்தின் வாசலை மிதித்ததில்லை. சிம்ப்சன் ஒரு கப்பல் சரக்கு நிறுவனத்தில் எழுத்தராக இருந்தார். பதின்பருவம் முடிவதற்குள் இருவரையும் காசநோய் பிடித்தது. சிம்ப்சனின் நிலை மிகவும் மோசமாகி, ஒரு கட்டத்தில் சாகும் தறுவாயில் இருப்பவருக்குச் செய்யும் பிரார்த்தனைகூட அவருக்குச் செய்யப்பட்டது. பிழைத்தெழுந்த அவர் சர்ரே மாவட்டத்தில் இருந்த மில்ஃபர்டு காசநோய் மருத்துவமனைக்கு 1948ஆம் ஆண்டில் அனுப்பப்பட்டார். கால்டன் ஏற்கெனவே அங்கே படுத்திருந்தார்.

அந்தக் காலத்துக் காசநோய் மருத்துவமனையில் நோயாளிகள் மாதக்கணக்கில், சில சமயம் ஆண்டுக்கணக்கில், படுக்கையை விட்டு எழாமல் கிடக்க வேண்டியிருந்தது. ஓய்வே முதன்மையான மருந்து. இளமையின் மிகத் துடிப்பான பருவத்தில் கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்த இவர்களுக்கு வானொலி ஒன்றுதான் வெளியுலகம். பி.பி.சி. நிகழ்ச்சிகளோடு, அமெரிக்கப் படையினருக்காக நடத்தப்பட்ட வானொலியில் வந்த அமெரிக்க நகைச்சுவைத் தொடர்களையும் விரும்பிக் கேட்டார்கள். மருத்துவமனைக்குள்ளேயே நோயாளிகளுக்காக ஒரு சிறிய ஒலிபரப்பு நடந்துவந்தது. அதற்காகத்தான் இருவரும் முதன்முதலாகச் சேர்ந்து சிறு நகைச்சுவைக் காட்சிகளை எழுதினார்கள். பிறகு, அன்றைக்கு உச்சத்தில் இருந்த வானொலி எழுத்தாளர்களான ஃபிராங்க் மியூர், டெனிஸ் நார்டன் ஆகியோருக்குக் கடிதம் எழுதி, இந்தத் தொழிலில் நுழைவது எப்படி என்று கேட்டார்கள். அவர்கள் மதித்துப் பதில் எழுதினார்கள், பி.பி.சி.யில் எழுத்துப் பிரதிகளைப் பரிசீலிக்கும் கேல் பெட்ரிக் என்பவருக்கு அனுப்பிப் பார்க்கும்படி வழிகாட்டினார்கள். அப்படி அனுப்பிய பிரதிதான் கதவைத் திறந்தது. 1951இல் டெரக் ராய் என்ற நகைச்சுவை நடிகரின் 'ஹேப்பி கோ லக்கி' நிகழ்ச்சிக்குத் துணுக்குகள் எழுதும் வேலை கிடைத்தது. துணுக்கு ஒன்றுக்குச் சில ஷில்லிங் கூலி. அந்த நிகழ்ச்சி தள்ளாடத் தொடங்கியபோது, அதன் கடைசிச் சில வாரங்களின் முழுப் பிரதியும் இவர்கள் கைக்கு வந்தது. அங்கே ஒரு சிறு பாத்திரத்தில் நடித்துக்கொண்டிருந்தவர்தான் டோனி ஹான்காக்.

கேள்வி: இவர்களுக்கு முன்னால் பி.பி.சி. வானொலியில் நகைச்சுவை எப்படி இருந்தது? எழுத்தாளர்களுக்குக் கடுமையான தணிக்கை இருந்ததாகச் சொல்கிறார்களே?

பதில்: போர்க்காலத்தில் பிரிட்டன் முழுவதையும் கட்டிப்போட்ட நிகழ்ச்சி 'இட்மா'. நியூசிலாந்தில் பிறந்த டெட் கவனா அதை எழுதினார். டாமி ஹேண்ட்லி நடித்தார். 1939இல் தொடங்கிய அது, 1949 ஜனவரியில் ஹேண்ட்லி இறந்ததோடு நின்றுபோனது. மின்னல் வேகத்தில் வந்துபோகும் பாத்திரங்கள், ஒவ்வொருவருக்கும் ஒரு முத்திரை வசனம், வாரந்தோறும் அதே வசனத்துக்காகக் காத்திருந்து கைதட்டும் பார்வையாளர்கள் என்பதே அதன் அமைப்பு. போருக்குப் பின் மியூரும் நார்டனும் எழுதிய 'டேக் இட் ஃபிரம் ஹியர்' 1948 முதல் வந்தது. இதில் சொல்நயம் கூடியது; 1953 முதல் கிளம் குடும்பம் என்ற சாதாரணக் குடும்பம் ஒன்று இதில் இடம்பெற்றபோது, பாத்திரத்திலிருந்து சிரிப்பை எடுக்கும் வழக்கம் மெல்ல வேர்விட்டது. ஆனாலும் நிகழ்ச்சியின் நடுவே பாட்டு வரும். ஒரு காட்சிக்கும் அடுத்த காட்சிக்கும் தொடர்பிருக்காது.

தணிக்கை பற்றிய செய்தியும் உண்மையே. 1940களின் இறுதியில் பி.பி.சி.யின் பல்சுவைப் பிரிவுக்குத் தலைவராக இருந்த மைக்கேல் ஸ்டாண்டிங், எழுத்தாளர்களுக்கும் தயாரிப்பாளர்களுக்குமான விதிகளை ஒரு கையேடாகத் தொகுத்தார். அட்டையின் நிறத்தால் அதைப் பச்சைப் புத்தகம் என்று அழைத்தார்கள். கழிப்பறை பற்றிய நகைச்சுவைக்கும், பெண்மை கலந்த ஆண்கள் பற்றிய கேலிக்கும் முழுத் தடை. புதுமணத் தம்பதிகள், விடுதிப் பணிப்பெண்கள், பெண்களின் உள்ளாடை, அத்தி இலை, ஊர் ஊராகச் செல்லும் விற்பனைப் பிரதிநிதிகள் ஆகியோரையும் ஆகியவற்றையும் பற்றி இரட்டை அர்த்தத்தில் பேசக்கூடாது. முயல்களின் இயல்பைக்கூடச் சாடையாகச் சுட்டக்கூடாது என்று அதில் எழுதியிருந்தது.

இந்தத் தடைகள் எழுத்தாளர்களின் கையைக் கட்டிப்போட்டன என்ற பொதுவான கருத்தை நான் பாதிதான் ஏற்கிறேன். மேடையிலிருந்து வானொலிக்கு வந்த பழைய துணுக்கு வியாபாரத்தைத்தான் அவை பெரிதும் பாதித்தன. மாமியாரையும் விடுதிப் பணிப்பெண்ணையும் நம்பியிராதவர்களுக்கு, ஒரு மனிதனின் தற்பெருமையையும் சோம்பலையும் தனிமையையும் பற்றி எழுத எந்தத் தடையும் இருக்கவில்லை. கால்டனும் சிம்ப்சனும் நுழைந்தது அந்த வழியில்தான்.

கேள்வி: 'ஹான்காக்ஸ் ஹாஃப் அவர்' தொடரை ஏன் ஒரு திருப்புமுனை என்கிறார்கள்? பழைய ஒலிப்பதிவு ஒன்றைக் கேட்டேன். துணுக்குகளே அதிகம் இல்லையே!

பதில்: நீங்கள் குறையாகச் சொன்னதுதான் அதன் சாதனை. 1954 நவம்பர் 2ஆம் நாள் பி.பி.சி.யின் பொழுதுபோக்கு வானொலி அலைவரிசையான லைட் புரோகிராமில் தொடங்கி, 1959 டிசம்பர் வரை ஆறு தொடர்களாக நூற்றுக்கும் மேற்பட்ட பகுதிகள் ஒலிபரப்பாயின. கால்டன், சிம்ப்சன், தயாரிப்பாளர் டெனிஸ் மெயின் வில்சன் ஆகிய மூவரும் தொடக்கத்திலேயே தங்களுக்குள் ஒரு தீர்மானம் செய்துகொண்டார்கள்: பாட்டு இல்லை, தனித்தனிக் காட்சிகள் இல்லை, முத்திரை வசனம் இல்லை; அரை மணி நேரமும் ஒரே கதை, ஒரே மனிதனின் வாழ்க்கை. முதல் நாளே இவை அனைத்தும் கைகூடிவிடவில்லை. தொடக்கப் பகுதிகளில் கதைகள் மிகையாகவே இருந்தன. துணை நடிகர் கென்னத் வில்லியம்ஸ் விதவிதமான குரல்களில் பேசிச் சிரிப்பூட்டுவது ரசிகர்களுக்குப் பிடித்துப்போய், எழுத்தாளர்கள் விரும்பாவிட்டாலும் ஒரு முத்திரை வசனம் தானாக ஒட்டிக்கொண்டது. இரண்டாம் தொடர் தொடங்கும் நேரத்தில் ஹான்காக் வராமல் போனதால், முதல் சில பகுதிகளுக்கு ஹாரி சீகோம் அவரது இடத்தில் நடிக்க வேண்டியதாயிற்று. இவ்வளவு தடுமாற்றங்களுக்கு நடுவில்தான் அந்தப் பாத்திரம் உருவானது.

ஈஸ்ட் சீம் என்ற கற்பனைப் பகுதியில், ரயில்வே கட்டிங்ஸ் என்ற தெருவில், 23ஆம் எண் வீட்டில் வாழும் அந்தோணி ஹான்காக் தன்னைப் பெரிய அறிவாளியாகவும் கலைஞனாகவும் நினைத்துக்கொள்கிறான். உலகம் தன்னை மதிக்கவில்லை என்பது அவனுடைய நிரந்தரக் குறை. கையில் காசில்லாதபோதும் மிடுக்குக் குறையாது. புத்தகத்தைப் பாதியில் மூடிவைத்துவிட்டு முழுவதும் படித்தவனைப்போல் பேசுவான். சிட் ஜேம்ஸ் அவனை ஏமாற்றுவான், பில் கெர் அவனோடு வெட்டிப் பொழுது போக்குவான், ஹாட்டி ஜாக்ஸ் அவனை அதட்டுவாள். போருக்குப் பிறகு வசதிகள் மெல்லத் திரும்பிக்கொண்டிருந்த பிரிட்டனில், மேல்தட்டுக்குள் நுழைய ஏங்கி வாசலிலேயே நின்றுவிட்ட ஆயிரமாயிரம் பேரின் குரல் அவன் வாயில் ஒலித்தது.

1958 ஏப்ரல் 22ஆம் நாள் ஒலிபரப்பான, ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியத்தைப் பற்றிய பகுதியைச் சான்றாகச் சொல்கிறேன். அதில் கதை என்று எதுவுமே இல்லை. அன்றைய பிரிட்டிஷ் ஞாயிற்றுக்கிழமையில் கடைகளும் பொழுதுபோக்கு இடங்களும் அடைத்துக் கிடக்கும், வெளியே மழை. நான்கு பேர் ஒரு வீட்டுக்குள் சலிப்போடு உட்கார்ந்திருக்கிறார்கள். பெருமூச்சு விடுகிறார்கள். மணி என்ன என்று கேட்கிறார்கள். சுவர்க்காகிதத்தின் கோலங்களை உற்றுப் பார்த்து, அதில் ஒரு கிழவரின் முகம் தெரிவதாக ஹான்காக் சொல்கிறான். மறுபடியும் மௌனம். வானொலியில் மௌனம் என்றால் ஒலிபரப்பில் கோளாறு என்று நினைத்த காலத்தில், அந்த மௌனத்தையே நம்பிச் சிரிப்பை எழுதினார்கள். பேச்சு எங்கே நிற்க வேண்டும், எவ்வளவு நேரம் நிற்க வேண்டும் என்பதை இத்தனை துல்லியமாக அறிந்த வானொலி எழுத்து எனக்குத் தெரிந்து அதற்கு முன் பிரிட்டனில் இல்லை. சலிப்பைப் பற்றி எழுதியும் சலிப்பூட்டாமல் இருப்பது எத்தனை கடினம் என்பதை எழுதிப் பார்த்தவர்கள் அறிவார்கள். மருத்துவமனைப் படுக்கையில் கழிந்த அந்த ஆண்டுகள் இங்கே கைகொடுத்தன என்று நான் நம்புகிறேன்.

1956 ஜூலையில் இதே பெயரில் தொலைக்காட்சித் தொடரும் தொடங்கியது. டங்கன் வுட் அதன் தயாரிப்பாளர்களில் முக்கியமானவர். ஹான்காக்கின் முகம் வசனத்தைவிட அதிகம் பேசும் என்பதை எழுத்தாளர்கள் விரைவில் புரிந்துகொண்டு, தொலைக்காட்சிக்கு எழுதும்போது வசனத்தைக் குறைத்தார்கள். 1961இல் வந்த கடைசித் தொடரின் முதல் பகுதியில், ஹான்காக் ஓர் ஒற்றை அறையில் வேறு யாருமே இல்லாமல் இருபத்தைந்து நிமிடம் தனியாக நடித்தார். அதே தொடரில், ஜூன் 23 அன்று ஒளிபரப்பான இரத்ததானம் பற்றிய பகுதிதான் இன்றைக்கும் மக்கள் வாயில் புழங்குவது. விரல் நுனியிலிருந்து ஒரு துளி எடுத்ததும் தன் கடமை முடிந்துவிட்டதென்று எழுந்திருக்கும் ஹான்காக், ஒரு பைண்ட், அதாவது அரை லிட்டருக்குச் சற்று மேல், வேண்டும் என்று மருத்துவர் சொன்னதும் அதிர்ந்துபோய், அது ஏறக்குறைய ஒரு கை முழுவதும் ஆயிற்றே என்று முறையிடுகிறான். கடைசியில் ரொட்டிக் கத்தியால் தன்னை வெட்டிக்கொண்டு அதே மருத்துவமனைக்கு வந்து, தான் கொடுத்த இரத்தத்தையே திரும்பப் பெறுகிறான். அந்தப் பகுதிக்குச் சில நாள் முன்பு ஹான்காக் ஒரு கார் விபத்தில் சிக்கியதால் வசனத்தை மனப்பாடம் செய்ய முடியவில்லை; எதிரே வைத்த திரையில் எழுதிக் காட்டியதைப் படித்தே நடித்தார். கூர்ந்து பார்த்தால் அவருடைய பார்வை எதிரில் இருப்பவர்மீது இல்லாததைக் காணலாம். அப்படியும் அது நிலைத்து நிற்கிறதென்றால், எழுத்தின் வலிமைக்கு வேறு சான்று வேண்டியதில்லை.

கேள்வி: ஒரே பிரதியை இரண்டு பேர் எப்படி எழுத முடியும்? ஒருவர் கதை, மற்றவர் வசனம் என்று பிரித்துக்கொண்டார்களா?

பதில்: இல்லை. சிம்ப்சன் தட்டச்சுப் பொறியின் முன் உட்காருவார். கால்டன் அறைக்குள் நடப்பார் அல்லது படுத்துக்கொள்வார். ஒரு வரியை இருவரும் ஏற்றுக்கொள்ளும்வரை அது தாளில் ஏறாது. ஒருவர் சொன்ன வசனத்துக்கு மற்றவர் பதில் பேசாமல் இருந்தால் அந்த வசனம் தள்ளுபடி, விவாதம்கூட நடக்காது. ஒரு நாள் முழுவதும் ஒரு சொல்லும் எழுதாமல் மௌனமாக உட்கார்ந்திருந்த நாட்களும் உண்டு என்று இருவரும் பிற்காலத்தில் நினைவுகூர்ந்தார்கள். எந்த வரி யாருடையது என்று அவர்களாலேயே பிரித்துச் சொல்ல முடியாத அளவுக்கு அந்தக் கூட்டு இறுகியிருந்தது. இப்படி வடிகட்டி எழுதியதால் முதல் பிரதியே பெரும்பாலும் இறுதிப் பிரதியாகவும் அமைந்தது.

கேள்வி: அந்தக் காலத்து நகைச்சுவை எழுத்து என்றாலே ஸ்பைக் மில்லிகனைத்தானே சொல்வார்கள்? எரிக் சைக்ஸின் பெயரும் அடிபடுகிறது. இவர்களுக்குள் போட்டி இருந்ததா?

பதில்: போட்டியைவிடக் கூட்டுறவே அதிகம்; அதுவும் அலுவலகம் வைத்து நடத்திய கூட்டுறவு. மில்லிகன், சைக்ஸ், கால்டன், சிம்ப்சன் ஆகிய நால்வரும் சேர்ந்து 1950களின் நடுப்பகுதியில் 'அசோசியேட்டட் லண்டன் ஸ்கிரிப்ட்ஸ்' என்ற நிறுவனத்தைத் தொடங்கினார்கள். லண்டன் ஷெப்பர்ட்ஸ் புஷ் பகுதியில் ஒரு காய்கறிக் கடைக்கு மேலே, பல மாடிகள் ஏறிச் செல்ல வேண்டிய அறைகள்தான் அதன் முதல் முகவரி. நடிகர்களின் முகவர்களை நம்பிப் பிழைத்த எழுத்தாளர்கள், தங்களுக்கான முகவர் நிறுவனத்தைத் தாங்களே நடத்தினார்கள். சிம்ப்சனின் பள்ளித் தோழியான பெரில் வெர்ட்யூ அங்கே தட்டச்சுச் செயலராக வந்து சேர்ந்து, ஒப்பந்தங்களைப் பேசப் பேசத் தேர்ந்த முகவராகவே ஆகிவிட்டார். ஆல்ஃப் கார்னெட் என்ற பாத்திரத்தைப் படைத்த ஜானி ஸ்பைட், 'டாக்டர் ஹூ' அறிவியல் புனைகதைத் தொடருக்கு டாலெக்குகள் என்ற வேற்றுலக எதிரிகளைப் படைத்த டெர்ரி நேஷன் ஆகியோர் இந்த நிறுவனத்தின் படிகளில் ஏறி வந்தவர்களே. பின்னர் அலுவலகம் பேஸ்வாட்டரில் உள்ள ஆர்ம் கோர்ட்டுக்கு மாறியது.

மில்லிகனின் ஆற்றலைக் குறைத்துச் சொல்ல நான் விரும்பவில்லை. 1951 முதல் 1960 வரை ஒலிபரப்பான அவருடைய 'கூன் ஷோ' வானொலியின் ஒலிகளை வைத்தே ஓர் உலகத்தைக் கட்டியது. ஆனால் வாரம் ஒரு பிரதி என்ற சுமை அவரை நொறுக்கியது. 1952 இறுதியில் மனநலம் குலைந்து மருத்துவமனையில் சேர்ந்தார். லாரி ஸ்டீஃபன்ஸும், பின்னர் எரிக் சைக்ஸும் எழுத்தில் தோள் கொடுத்தார்கள். ஓல்டமில் பிறந்த சைக்ஸ், உதடு அசையாமல் மரப்பொம்மையைப் பேசவைக்கும் பீட்டர் பிரஃபின் 'எஜுகேட்டிங் ஆர்ச்சி' வானொலித் தொடரை 1950 முதல் எழுதிப் புகழ்பெற்றவர். செவித்திறன் குறைந்துகொண்டே வந்தபோதிலும், கண்ணாடியின்றி வெறும் சட்டத்தோடு மூக்குக்கண்ணாடி வடிவில் செய்த கேட்கும் கருவியை அணிந்து நடித்தும் எழுதியும் வந்தார். பிறருக்கு எழுதிக் கொடுத்ததால் அவருடைய பங்கு இன்றும் உரிய அளவில் பேசப்படவில்லை என்பது என் வருத்தம்.

கேள்வி: உயர்த்திவிட்ட எழுத்தாளர்களையே ஹான்காக் உதறியது நன்றிகெட்ட செயல் இல்லையா?

பதில்: அப்படி ஒரே சொல்லில் தீர்ப்பளிக்க எனக்கு மனம் வரவில்லை. ஹான்காக் தன்னைத் தானே ஓயாமல் சோதித்துக்கொண்ட கலைஞர். கென்னத் வில்லியம்ஸின் குரல் விளையாட்டு வேண்டாம் என்றார். பிறகு சிட் ஜேம்ஸும் வேண்டாம் என்றார். ஒவ்வொரு முறையும் எழுத்தாளர்கள் அதற்கு இசைந்து எழுதினார்கள், எழுத்தும் மேம்பட்டது. 1961இல் இவர்கள் எழுதிய 'தி ரெபல்' திரைப்படம் பிரிட்டனில் நன்றாக ஓடியபின், உலகம் முழுவதும் புரியும்படியான படம் ஒன்று வேண்டும் என்று அவர் விரும்பினார். கால்டனும் சிம்ப்சனும் அடுத்தடுத்துத் தயாரித்துக் கொடுத்த கதைகளை அவர் நிராகரித்தார். அந்த ஆண்டு அக்டோபரில் உறவு முறிந்தது. அதோடு தன் முகவராக இருந்த பெரில் வெர்ட்யூவையும் விட்டு விலகினார்.

அதன் பிறகு ஹான்காக்கின் தொழில் இறங்குமுகமானது. மதுப் பழக்கம் முற்றியது. 1968 ஜூனில் சிட்னியில், 44 வயதில், தன் உயிரைத் தானே மாய்த்துக்கொண்டார். எழுத்தாளர்களை விட்டதால்தான் அவர் அழிந்தார் என்று சொல்வது மிக எளிது. ஒரு மனிதரின் நோயையும் துயரத்தையும் ஒரு தொழில் முடிவில் அடக்கிவிட முடியாது. கால்டனும் சிம்ப்சனும் கடைசிவரை அவரைப் பற்றிக் கசப்பில்லாமலேயே பேசினார்கள்.

கேள்வி: 'ஸ்டெப்டோ அண்ட் சன்' எப்படிப் பிறந்தது? அதை நகைச்சுவை என்று சொல்வதா, சோக நாடகம் என்று சொல்வதா?

பதில்: ஹான்காக் பிரிந்தபோது பி.பி.சி.யின் பொழுதுபோக்குப் பிரிவுக்குத் தலைவராக இருந்த டாம் ஸ்லோன், இந்த இருவரையும் இழக்க விரும்பவில்லை. பத்து அரைமணி நாடகங்களை, தங்கள் விருப்பப்படி, ஒன்றுக்கொன்று தொடர்பில்லாமல் எழுதும் வாய்ப்பை அவர்களுக்குக் கொடுத்தார். 'காமெடி ப்ளேஹவுஸ்' என்ற பெயரில் 1961 டிசம்பரில் அவை தொடங்கின. எழுத்தாளரின் பெயரை நம்பி, நட்சத்திரம் இல்லாமல் ஒரு நகைச்சுவை வரிசையை பி.பி.சி. வெளியிட்டது அன்றைக்குப் பெரிய துணிச்சல். அவற்றில் நான்காவது, 1962 ஜனவரி 5ஆம் நாள் வந்தது. குதிரை வண்டியில் தெருத் தெருவாகச் சென்று பழைய சாமான் வாங்கி விற்கும் தந்தையும் மகனும்தான் அதன் பாத்திரங்கள்.

மகன் ஹெரால்டு வீட்டை விட்டுப் போய்த் தனியாக வாழ முடிவு செய்கிறான். தன் உடைமைகளை வண்டியில் ஏற்றுகிறான். ஆனால் குதிரை இல்லாமல் வண்டி நகராது. தானே இழுத்துப் பார்க்கிறான், முடியவில்லை. அப்படியே உடைந்து அழுகிறான். தந்தை வந்து, தேநீர் போட்டுத் தருவதாகச் சொல்லி அவனை உள்ளே அழைத்துச் செல்கிறார். மகனாக நடித்த ஹாரி எச். கார்பெட் ஒத்திகையில் உண்மையாகவே கண்ணீர் விட்டதைக் கண்டு எழுத்தாளர்கள் திகைத்துப்போனார்கள். துணுக்கு நடிகர்களுக்கே பழகியிருந்த அவர்களுக்கு, ஜோன் லிட்டில்வுட்டின் நாடகக் குழுவில் பயின்ற ஒரு நடிகர் தங்கள் எழுத்துக்கு என்ன செய்ய முடியும் என்பது அன்றுதான் தெரிந்தது. தந்தையாக நடித்த வில்ஃப்ரிட் பிராம்பெல், கார்பெட்டைவிடப் பதின்மூன்று வயதுதான் மூத்தவர் என்பதைத் திரையில் யாராலும் நம்ப முடியாது.

ஸ்லோன் இதைத் தொடராக்கச் சொன்னார். மறுபடியும் ஒரே தொடரில் மாட்டிக்கொள்ள விருப்பமில்லாத எழுத்தாளர்கள், நடிகர்கள் ஒப்புக்கொண்டால் எழுதுகிறோம் என்று தட்டிக்கழித்துப் பார்த்தார்கள். நடிகர்கள் உடனே ஒப்புக்கொண்டுவிட்டார்கள். 1962 ஜூனில் தொடங்கிய தொடர் 1965 வரை நான்கு முறையும், பிறகு 1970 முதல் 1974 வரை நான்கு முறையும் வந்தது. உச்சக் காலத்தில் 2 கோடிக்கும் மேற்பட்டோர் பார்த்தார்கள்.

உங்கள் கேள்வியின் இரண்டாம் பகுதிக்கு வருகிறேன். ஹெரால்டு புத்தகம் படிக்க, நல்ல இசை கேட்க, பெண் ஒருத்தியை மணந்து குடும்பம் நடத்த ஆசைப்படுகிறான். ஒவ்வொன்றையும் தந்தை ஆல்பர்ட் கெடுக்கிறார். காரணம் கொடுமை மட்டுமில்லை, மகன் போய்விட்டால் தான் அநாதையாகிவிடுவோம் என்ற அச்சமும்தான். மகனோ தொழிற்கட்சிக்காரன், தந்தை பழமைவாதக் கட்சியை விட மாட்டார். 1972இல் வந்த ஒரு பகுதியில், சண்டை முற்றி வீட்டின் நடுவே தடுப்புச் சுவரே எழுப்புகிறார்கள். தொலைக்காட்சிப் பெட்டியின் திரைகூட இரண்டாகப் பிரிக்கப்படுகிறது. பார்க்கும்போது வயிறு வலிக்கச் சிரிக்கிறோம். முடிந்தபின் யோசித்தால், ஒருவரை ஒருவர் நேசிக்கவும் முடியாமல் விடவும் முடியாமல் தவிக்கும் இரண்டு பேரைத்தான் பார்த்திருக்கிறோம். இதை நகைச்சுவையென்றே நான் சொல்வேன். துன்பத்தை மறைக்காத நகைச்சுவை.

இதன் கரு கடல் கடந்தும் சென்றது. பெரில் வெர்ட்யூவின் முயற்சியால் அமெரிக்காவில் 1972 முதல் 1977 வரை 'சான்ஃபர்ட் அண்ட் சன்' என்ற பெயரில், கறுப்பினக் குடும்பம் ஒன்றின் கதையாக அது எடுக்கப்பட்டது. நெதர்லாந்தும் ஸ்வீடனும் தத்தம் மொழிகளில் எடுத்தன. ஒளிநாடாவை விற்பதற்குப் பதிலாகத் தொடரின் கருவையும் பிரதியையும் விற்கும் வழக்கத்துக்கு அவர் வகுத்த பாதை பிரிட்டிஷ் எழுத்தாளர்களுக்குப் பெரும் வருவாயைத் தந்தது.

கேள்வி: ஒரு தேர்தலின்போது இந்தத் தொடரின் நேரத்தையே மாற்றச் சொன்னார்களாமே?

பதில்: ஆம். 1964 அக்டோபர் 15 பொதுத்தேர்தல் நாள். அன்று மாலை இத்தொடரின் மறுஒளிபரப்பு இருந்தது. வேலை முடிந்து வீடு திரும்பும் தொழிலாளர்கள் வாக்களிக்கச் செல்லாமல் தொலைக்காட்சி முன் உட்கார்ந்துவிடுவார்கள் என்று அஞ்சிய தொழிற்கட்சித் தலைவர் ஹெரால்டு வில்சன், பி.பி.சி.யின் தலைமை இயக்குநர் ஹியூ கிரீனிடம் முறையிட்டார். ஒளிபரப்பு தள்ளிவைக்கப்பட்டது. மிகக் குறைந்த பெரும்பான்மையில் வில்சன் வென்று பிரதமரானார்.

கேள்வி: 1970களுக்குப் பிறகு இருவரும் ஏன் எழுதவில்லை?

பதில்: 1978இல் சிம்ப்சன் எழுத்திலிருந்து ஓய்வு பெற்றார், அப்போது அவருக்கு ஐம்பது வயதுகூட ஆகவில்லை. சண்டை எதுவும் இல்லை, நட்பு இறுதிவரை நீடித்தது. கால்டன் ஜானி ஸ்பைட்டோடும் ஜான் ஆன்ட்ரோபஸோடும் சேர்ந்து தொடர்ந்து எழுதினார். ஆனால் பழைய இறுக்கம் அவற்றில் கூடிவரவில்லை. 2000ஆம் ஆண்டில் இருவருக்கும் ஓ.பி.இ. என்ற பிரிட்டிஷ் அரசு விருதும், 2016இல் பிரிட்டிஷ் திரைப்பட, தொலைக்காட்சிக் கலைக்கழகமான பாஃப்டாவின் உயரிய கௌரவமான ஃபெலோஷிப்பும் கிடைத்தன. சிம்ப்சன் 2017 பிப்ரவரியிலும், கால்டன் 2018 அக்டோபரிலும் மறைந்தார்கள்.

கேள்வி: இவர்களுடைய படைப்புகளைப் புதிதாக அறிய விரும்புகிறவர் எங்கிருந்து தொடங்கலாம்? எல்லாமே கிடைக்கின்றனவா?

பதில்: எல்லாம் கிடைக்கவில்லை. அந்தக் காலத்தில் பல நிகழ்ச்சிகள் நேரடியாக ஒளிபரப்பாயின. பதிவு செய்யப்பட்டவையும் நாடா விலை அதிகம் என்பதால் அழிக்கப்பட்டு மறுபடி பயன்படுத்தப்பட்டன. ஹான்காக்கின் தொடக்கக் காலத் தொலைக்காட்சிப் பகுதிகளில் பெரும்பாலானவை இப்படி மறைந்துவிட்டன. 1970இல் வண்ணத்தில் எடுக்கப்பட்ட 'ஸ்டெப்டோ' பகுதிகள் பலவும் இன்று கறுப்பு வெள்ளையில்தான் உள்ளன. எழுத்தாளர்களுக்காக எடுத்துக் கொடுத்த ஒளிப்பதிவுப் பிரதிகள் அவர்களிடம் பத்திரமாக இருந்ததால்தான் அவையாவது தப்பின.

முதலில் வானொலியின் ஞாயிற்றுக்கிழமைப் பகுதியைக் கேளுங்கள். ஆங்கிலப் பேச்சுவழக்குக்குக் காது பழக, அதையே இரண்டு முறை கேட்டாலும் நல்லது. அடுத்து 1961இன் ஒற்றை அறைப் பகுதியையும் இரத்ததானப் பகுதியையும் பாருங்கள். பிறகு 1962 ஜனவரியில் வந்த அந்த முதல் 'ஸ்டெப்டோ' நாடகம். வரிசையை மாற்ற வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். நான்கு ஆண்டுகளுக்குள் இந்த இருவரும் எவ்வளவு தூரம் நடந்தார்கள் என்பது அந்த வரிசையில்தான் தெளிவாகத் தெரியும்.